வாங்கிய விளையாட்டு எங்கே போயிற்று?

நம் சங்கத்துப் பொங்கல் விழாவில் பந்தி முடிந்து கை கழுவிக் கொண்டிருந்தபோது நண்பர் ஒருவர் என்னைத் தனியே அழைத்தார். மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் கணக்குப் பிரிவில் இருப்பவர். எதற்கும் எளிதில் பதறாதவர். அன்று முகம் சரியில்லை.

"சார், நம்ம பையன் மூணு வருஷமா வாங்கிச் சேர்த்த கம்ப்யூட்டர் விளையாட்டு எல்லாம் காணோமாம். நாப்பத்திரெண்டு இருந்தது. இப்ப மூணுதான் இருக்கு. யாருக்கோ வித்துட்டானோன்னு எனக்குச் சந்தேகம். கேட்டா அழறான். கஸ்டமர் கேர் நம்பர் ஒண்ணு கெடச்சிருக்கு. நாளைக்குப் போன் பண்ணப் போறேன்."

சட்டைப் பையிலிருந்து எடுத்த துண்டுக் காகிதத்தில் பத்து இலக்க மொபைல் எண் ஒன்று. இணையத்தில் தேடியபோது முதலில் வந்து நின்றதாம். "ஞாயிற்றுக்கிழமை நான் வந்து பார்க்கிற வரைக்கும் இந்த நம்பருக்கு மட்டும் பேசாதீங்க" என்று சொல்லிக் காகிதத்தை நானே வாங்கி வைத்துக்கொண்டேன். ஏன் என்பது பின்னால் வரும்.

நம் குடும்பங்களில் பலருக்கு இந்த வியாபாரமே இன்னும் பிடிபடவில்லை. நம் காலத்தில் விளையாட்டு என்றால் நேரு பிளேஸிலோ பாலிகா பஜாரிலோ பேரம் பேசி வாங்கிவந்த ஒரு தட்டு. அது வீட்டில் இருக்கும், கீறல் விழுந்தால் போய்விடும், அவ்வளவுதான். 2003-ஆம் ஆண்டு அமெரிக்காவின் வால்வ் நிறுவனம் ஸ்டீம் என்ற இணையக் கடையை ஆரம்பித்தது. அடுத்த ஆண்டு வந்த அவர்களுடைய 'ஹாஃப்-லைஃப் 2' விளையாட்டைத் தட்டாக வாங்கினாலும் ஸ்டீமில் பதிவு செய்தால்தான் ஓடும் என்று வைத்தார்கள். அன்றே தட்டின் காலம் முடிய ஆரம்பித்துவிட்டது. போலந்துக்காரர்களின் ஜி.ஓ.ஜி. 2008-இலும், எபிக் கடை 2018-இலும் வந்தன. 2015-இல் ஸ்டீம் நம் நாட்டுக்கு ரூபாயிலேயே விலை போட்டது. அதற்குப் பிறகுதான் நம் வீட்டுப் பிள்ளைகள் பிறந்தநாளுக்குச் சட்டை வேண்டாம், விளையாட்டு வாங்கிக் கொடு என்று கேட்கத் துணிந்தார்கள்.

இந்தக் கடைகளில் நாம் வாங்குவது பொருளை அல்ல, அனுமதியை. இன்ன கணக்கு வைத்திருப்பவர் இன்ன விளையாட்டை ஆடலாம் என்று கடைக்காரர் தம் பேரேட்டில் ஒரு வரி எழுதிக்கொள்கிறார். நம் கணிப்பொறியில் இருப்பது ஒரு நகல் மட்டுமே. கணிப்பொறியை மாற்றினாலும், எரித்தே போட்டாலும், அந்த வரி அழியாது. ஆகவே, "காணோம்" என்றால் முக்கால்வாசி நேரம் அந்த வரி பத்திரமாகவே இருக்கும். நாம்தான் வேறு பக்கத்தைப் புரட்டிக்கொண்டிருப்போம். இதை மனத்தில் வைத்துக்கொண்டால் பாதிப் பதற்றம் தீர்ந்துவிடும்.

ஞாயிறு காலை நண்பர் வீட்டுக்குப் போனேன். பையன் பன்னிரண்டாம் வகுப்பு. புது மடிக்கணினி வந்து பத்து நாள் ஆகிறது. பழைய கணிப்பொறியைத் துடைத்துச் சுத்தம் செய்து ஊரிலுள்ள சித்தப்பா மகளுக்குக் கொடுத்தாயிற்று. காபி வந்தது. பையனின் அம்மா, "அந்த இட்லி விளையாட்டும் போயிடுச்சா அண்ணா?" என்று கேட்டார்கள். 2023-இல் வெளிவந்த 'வெண்பா' என்ற விளையாட்டைச் சொல்கிறார்கள். கனடாவுக்குக் குடிபெயர்ந்த ஒரு தமிழ்க் குடும்பத்தின் கதை. கறை படிந்த பழைய சமையல் குறிப்பைப் பார்த்து அம்மா செய்யும் முதல் பலகாரமே இட்லிதான். டொராண்டோவிலுள்ள ஒரு சிறு குழு செய்தது. வீட்டில் பையனோடு அம்மாவும் உட்கார்ந்து ஆடிய ஒரே விளையாட்டு அதுவாம்.

முதலில் நான் பார்த்தது கணக்கின் பெயரை. வலது மூலையில் பையனின் செல்லப்பெயர் இருந்தது. "பாருங்க அங்கிள், என் பேர்தானே இருக்கு!" என்றான். இங்கேதான் எல்லாரும் ஏமாறுகிறார்கள். திரையில் தெரிவது நாமே வைத்துக்கொள்ளும் காட்சிப் பெயர். ஸ்டீம் போன்ற கடையில் ஒரே காட்சிப் பெயரை ஆயிரம் பேர் வைத்துக்கொள்ளலாம். உள்ளே நுழையப் பயன்படுத்தும் கணக்குப் பெயர் வேறு; மின்னஞ்சல் முகவரி வேறு. ஒரே மின்னஞ்சலில் ஒன்றுக்கு மேற்பட்ட ஸ்டீம் கணக்குகளும் இருக்கலாம். எபிக்கில் இன்னொரு வகைக் குழப்பம்: கூகுள், ஃபேஸ்புக், எக்ஸ்பாக்ஸ் என்று பல கதவுகள் வழியாக உள்ளே போகலாம். ஒரு நாள் மின்னஞ்சல் வழியாகவும் மறுநாள் கூகுள் பொத்தானை அழுத்தியும் போனால், இரண்டு தனித்தனிக் கணக்குகள் உருவாகிவிட வாய்ப்புண்டு. வெறும் அலமாரியைப் பார்த்துவிட்டுத் திருடு போய்விட்டது என்று வீடு இரண்டுபடும்.

"இந்த மூணு விளையாட்டை எப்ப வாங்கினே?" என்று கேட்டேன். யோசித்தான். அவை வாங்கியவை அல்ல, இலவசமாக வந்தவை. சென்னையில் பெரியப்பா வீட்டுக்குக் கோடை விடுமுறைக்குப் போயிருந்தபோது, அண்ணனின் கணிப்பொறியில் விளையாடுவதற்காகத் தன் சொந்த மின்னஞ்சலில் ஒரு கணக்குத் திறந்திருக்கிறான். அதை மறந்தே போய்விட்டான். அப்படியானால் நாற்பத்திரண்டு விளையாட்டுகள் உள்ள கணக்கு எது? பழைய கணிப்பொறி கடவுச்சொல்லே கேட்டதில்லையாம். திறந்தவுடன் நேராக உள்ளே போகும். எந்த முகவரி, எந்தச் சொல் என்று பையனுக்கு நினைவே இல்லை.

நண்பரைப் பார்த்தேன். "பணம் கட்டினது யாரு?" "நான்தான், யு.பி.ஐ.ல." "ரசீது எங்கே வந்தது?" அவர் பதில் சொல்லவில்லை. மொபைலை எடுத்துத் தம் மின்னஞ்சலில் தேடினார். வரிசையாக வந்து விழுந்தன, மூன்று ஆண்டு ரசீதுகள். ஒவ்வொன்றிலும் கணக்குப் பெயர் அச்சாகியிருந்தது. பையன் சிறுவனாக இருந்தபோது அப்பாவின் மின்னஞ்சலில் அவரே திறந்துகொடுத்த கணக்கு அது! கடவுச்சொல் மறந்துவிட்டது என்று சொல்லி, அந்த மின்னஞ்சலுக்கு வந்த குறியீட்டைப் போட்டு உள்ளே போனோம். நாற்பத்திரண்டும் இருந்தன. நண்பர் பையனைப் பார்க்காமல் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு, "சரி, சரி, சாப்பிடப் போ" என்றார். மன்னிப்புக் கேட்க நம் தகப்பனார்களுக்கு வேறு சொல் தெரியாது.

ஆகவே எதற்கும் முன்னால் பழைய ரசீதைத் தேடுங்கள். எந்தக் கணக்கில் வாங்கியது என்பதற்கு அதைவிடச் சாட்சி வேண்டியதில்லை. ஸ்டீமின் உதவிப் பக்கத்தில் கணக்குப் பெயர் மறந்துவிட்டது என்ற வழியே போய் மின்னஞ்சலையோ தொலைபேசி எண்ணையோ கொடுத்தால், அதோடு இணைந்த கணக்குகளையும் தேடிக் கொடுக்கும். ஒன்று மட்டும் நடக்காது: இரண்டு ஸ்டீம் கணக்குகளை ஒன்றாகச் சேர்க்க முடியாது. அங்கே மூன்று, இங்கே நாற்பத்திரண்டு என்று இருந்தால் அப்படியே இருக்க வேண்டியதுதான்.

கணக்குச் சரியாக இருந்தும் விளையாட்டு தெரியவில்லை என்றால், பெரும்பாலும் அது கண்ணுக்கு மறைந்திருக்கிறது. ஸ்டீமில் லைப்ரரி என்ற நம் அலமாரியின் இடப்பக்கப் பட்டியலைப் பாருங்கள். தேடும் கட்டத்தில் என்றோ தட்டிய இரண்டு எழுத்துகள் அப்படியே நிற்கக்கூடும். அந்த எழுத்துகள் உள்ள பெயர்கள்தான் பட்டியலில் தெரியும். அதன் அருகிலுள்ள வடிகட்டிகளில் 'ஆடத் தயாராக உள்ளவை மட்டும்' என்ற பொத்தான் அழுந்தியிருந்தால், இந்தக் கணிப்பொறியில் இன்னும் இறக்காதவை எல்லாம் மறைந்துவிடும். புதுக் கணிப்பொறியில் எதையுமே இறக்கியிருக்க மாட்டோம் அல்லவா? பட்டியல் காலியாகத் தெரியும்! ஆப்பிள் படமோ பெங்குவின் படமோ அழுந்தியிருந்தாலும் இதே கதைதான். யாராவது ஒரு விளையாட்டை மறைத்து வைத்திருந்தால், மேலேயுள்ள வியூ என்ற பட்டியலில் ஹிடன் கேம்ஸ் என்பதைத் திறந்தால் தெரியும். தேர்வு நேரத்தில் அம்மாவின் கண்ணில் படக்கூடாது என்று மறைத்துவிட்டு, தேர்வு முடிந்ததும் தானே மறந்துபோன பிள்ளைகளை எனக்குத் தெரியும்.

இதற்கு நேர்மாறான வழக்கும் உண்டு. பெற்றோர் கட்டுப்பாடு என்று ஒரு வசதி. எந்த விளையாட்டைப் பிள்ளை ஆடலாம் என்று நாம் தேர்ந்தெடுத்து வைக்கலாம். நாம் அனுமதிக்காதது அவனுக்குக் கிடைக்காது. அதைப் போட்டுவைத்த அப்பாவே ஆறு மாதம் கழித்து, கடைக்காரன் ஏமாற்றிவிட்டான் என்று கத்துவார். 2024 செப்டம்பரில் ஸ்டீம் முழு அளவில் கொண்டுவந்த குடும்ப ஏற்பாட்டில், ஒரே வீட்டில் உள்ள ஆறு பேர் வரை தங்கள் அலமாரிகளைச் சேர்த்துக்கொள்ளலாம். அதிலிருந்து ஒருவர் விலகினால் அவருடைய விளையாட்டுகள் மற்றவர்களின் பட்டியலிலிருந்து போய்விடும். விலகியவர், முந்தைய குடும்பத்தில் சேர்ந்த நாளிலிருந்து ஓராண்டு ஆன பிறகுதான் வேறு குடும்பத்தில் சேர முடியும். ஒரே வீட்டில் உள்ளவர்களுக்குத்தான் என்பது விதி; ஆகவே சென்னையிலுள்ள மச்சானையும் மும்பையிலுள்ள மாமா மகனையும் சேர்க்கலாமா என்று என்னைக் கேட்காதீர்கள். இன்னொரு எச்சரிக்கை: நம் விளையாட்டை ஆடும் குடும்பத்து உறுப்பினர் இணையத்தில் கள்ளாட்டம் ஆடித் தடை வாங்கினால், அந்த விளையாட்டில் நமக்கும் தடை விழும்.

பெயர் மாறிவிட்டதால் காணாமல் போகிறவை தனி வகை. 'கவுன்டர்-ஸ்ட்ரைக்: குளோபல் அஃபென்சிவ்' 2023 செப்டம்பரில் 'கவுன்டர்-ஸ்ட்ரைக் 2' ஆகிவிட்டது. பழைய பெயரில் தேடினால் அதே இடத்தில் கிடைக்காது. பெரிய விளையாட்டோடு சேரும் துணைப் பகுதிகளும் பட்டியலில் தனியாக நிற்பதில்லை. மூல விளையாட்டின் பக்கத்தினுள்தான் இருக்கும். எபிக் கடை வாரந்தோறும் இலவசமாகக் கொடுக்கிறதே, அதையும் அந்த வாரத்துக்குள் பெற்றுக்கொண்டதாகப் பொத்தானை அழுத்தினால்தான் நம்முடையது. 2020 மே மாதம் 'ஜி.டி.ஏ. 5' இலவசமாக வந்தபோது கூட்டம் தாங்காமல் அந்தக் கடையே சில மணி நேரம் படுத்துவிட்டது. வாங்கிவிட்டதாக நினைத்துக் கதவை மூடியவர்கள் அன்று எத்தனை பேரோ!

மாதச் சந்தா வேறு, விலைக்கு வாங்குவது வேறு. மைக்ரோசாஃப்டின் கேம் பாஸ் என்பது வாடகை நூலகம் மாதிரி. புத்தகங்கள் வரும், போகும். சந்தா நின்றால் எல்லாமே போகும். வார இறுதியில் மட்டும் இலவசம் என்று கொடுப்பவையும் திங்கட்கிழமைக்குப் பிறகு நம்முடையவை அல்ல.

யு.பி.ஐ. அல்லது நெட் பேங்கிங்கில் கட்டிய பணம் வங்கியை விட்டுப் போனபிறகும் கடையில் 'பெண்டிங்' என்று நிற்பதுண்டு. ஸ்டீமில் கணக்கு விவரத்தினுள் வாங்கிய வரலாறு என்ற பக்கம் இருக்கிறது. அதைத் திறந்து பாருங்கள். நிலுவையில் இருந்தால் அவசரப்பட்டு மறுபடியும் கட்டாதீர்கள். அதே பக்கத்தில் பணம் திருப்பிக் கொடுத்த விவரமும் இருக்கும். வாங்கிய 14 நாட்களுக்குள், 2 மணி நேரத்துக்குக் குறைவாக ஆடியிருந்தால், ஸ்டீமில் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். தம்பி திருப்பிக் கொடுத்துவிட்டு அண்ணனிடம் சொல்லாமல் இருந்தால் அங்கே தெரிந்துவிடும்!

வெளிச்சந்தையில் மலிவாகக் கிடைக்கும் குறியீட்டு எண்களில் ஆசை வைக்காதீர்கள். திருட்டுக் கார்டில் வாங்கி விற்கப்பட்டவை என்று தெரிந்தால் வெளியீட்டாளர் ரத்து செய்வார். 2015 ஜனவரியில் யூபிசாஃப்ட் நிறுவனம் 'ஃபார் க்ரை 4' குறியீடுகள் பலவற்றை இப்படித்தான் செயலிழக்கச் செய்தது. பணம் கொடுத்தவர்கள் விழித்தார்கள்.

அலமாரியில் இல்லை என்பது ஒரு வகை. கடையிலேயே இல்லை என்பது வேறு வகை. 'மைன்கிராஃப்ட்' வேண்டுமென்று பிள்ளை கேட்டு, நாம் ஸ்டீமில் தேடினால் அந்த மூல விளையாட்டு வராது. அதை மைக்ரோசாஃப்ட் தன்னிடமே விற்கிறது. 'வேலரன்ட்'டும் 'ஃபோர்ட்நைட்'டும் ஸ்டீமில் கிடையாது. நம் வீட்டுப் பெரிய பையன்கள் இன்றும் பெருமூச்சு விடும் ஈ.ஏ. நிறுவனத்தின் 'கிரிக்கெட் 07' தட்டுக் காலத்தது; அதற்குப் பிறகு அவர்கள் கிரிக்கெட்டே செய்யவில்லை. கிரிக்கெட் பிரியர்களுக்கு இன்னொரு துக்கக் கதையும் உண்டு. 'ஆஷஸ் கிரிக்கெட் 2013' அந்த ஆண்டு நவம்பரில் ஸ்டீமுக்கு வந்தது. ஆட்டக்காரர்கள் பந்தைப் பார்த்துவிட்டுச் சும்மா நிற்கும் அளவுக்குக் குறைகள். சில நாட்களிலேயே விலக்கிக்கொண்டு, வாங்கியவர்களுக்குப் பணத்தைத் திருப்பிக் கொடுத்தார்கள்.

உரிமம் முடிந்து கடையிலிருந்து இறங்குபவைதான் அதிகம். கார்ப் பந்தய விளையாட்டில் வரும் கார்களுக்கும் பாட்டுகளுக்கும் காலவரையறையுடன்தான் அனுமதி வாங்குகிறார்கள். 'ஃபோர்ஸா ஹொரைசன் 4' 2024 டிசம்பர் 15-ஆம் தேதியோடு விற்பனையிலிருந்து எடுக்கப்பட்டது. ஃபிஃபா பெயரைத் தாங்கிய விளையாட்டுகளை 2023-இல் ஈ.ஏ. கடையிலிருந்து இறக்கிவிட்டது. இப்படி இறங்கினாலும், முன்பே வாங்கியவர்கள் பொதுவாக மறுபடி இறக்கி ஆடலாம். 2020-இல் ஸ்டீமில் விற்பனை நின்ற 'ராக்கெட் லீக்' அதற்கு முன் வாங்கியவர்களிடம் அப்படியே இருக்கிறது.

'தி க்ரூ' என்ற விளையாட்டின் கதை வேறு. 2024 மார்ச் 31-ஆம் தேதி யூபிசாஃப்ட் அதன் சர்வர்களை நிறுத்தியது. பிறகு வாங்கியவர்களின் கணக்கிலிருந்தே அனுமதியை நீக்கியது. பெரிய கூச்சல் எழுந்தது. கலிபோர்னியா மாநிலம், நீங்கள் வாங்குவது பொருள் அல்ல, அனுமதிதான் என்று கடைகள் தெளிவாகச் சொல்ல வேண்டும் எனச் சட்டம் கொண்டுவந்தது. அது 2025 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது. என் கட்சி என்னவென்றால், பிள்ளை பல ஆண்டு வைத்திருக்க ஆசைப்படும் விளையாட்டு ஜி.ஓ.ஜி.யில் கிடைத்தால் அங்கே வாங்கலாம். அங்கே நிறுவும் கோப்பையே இறக்கித் தனி வட்டில் பத்திரப்படுத்தலாம், பூட்டு கிடையாது. ஆனால் எல்லா விளையாட்டும் அங்கே வராது, அதுதான் சங்கடம்.

மாற்றலாகி ஊர் ஊராய்ப் போகும் நம்மவர்களுக்கு இன்னும் இரண்டு விஷயம். வெளி வட்டில் விளையாட்டுகளை வைத்திருந்து, புதுக் கணிப்பொறியில் அது தெரியவில்லை என்றால் அவசரப்பட்டு மறுபடியும் இறக்காதீர்கள். சில விளையாட்டுகள் 100 ஜி.பி.யைத் தாண்டும். ஸ்டீமின் அமைப்புகளில் ஸ்டோரேஜ் பகுதிக்குப் போய் அந்த வட்டைச் சேர்த்தால், அதிலுள்ள ஸ்டீம் லைப்ரரியைக் கண்டுகொள்ளும். வெளிநாடு மாறிப் போனால் கடையின் நாடும் மாற வேண்டும். அதை மூன்று மாதத்துக்கு ஒருமுறைக்கு மேல் மாற்ற முடியாது. அந்த நாட்டுக் கார்டு போன்ற கட்டண வழியும் வேண்டும். பழைய விண்டோஸ் 7 கணிப்பொறியில் எல்லாம் நின்றுவிட்டது என்று ஒரு மாமி சொன்னார்கள். அது விளையாட்டின் குற்றமல்ல. விண்டோஸ் 7, 8 இரண்டுக்கும் ஸ்டீம் 2024 ஜனவரி 1-ஆம் தேதியோடு ஆதரவை நிறுத்திவிட்டது.

இப்போது அந்தத் துண்டுக் காகிதம். ஸ்டீமுக்குத் தொலைபேசி உதவி எண் என்று ஒன்று கிடையவே கிடையாது. உதவி எல்லாம் அவர்கள் இணையப் பக்கத்தில் எழுதிக் கேட்பதுதான். ஆகவே ஸ்டீம் கஸ்டமர் கேர் என்று எங்கே எந்த எண்ணைக் கண்டாலும் அது வலை. எடுத்தவுடன் மிக மரியாதையாகப் பேசுவார்கள். திரையைப் பகிரும் ஒரு செயலியை இறக்கச் சொல்வார்கள். பத்து ரூபாய் கட்டிச் சரிபார்க்கச் சொல்வார்கள். ஓ.டி.பி. போன பிறகு விளையாட்டு மட்டுமா போகும்? சேமிப்புக் கணக்கே போகும். அப்படி ஏதாவது நடந்துவிட்டால் வெட்கப்பட்டு உட்காராமல் உடனே 1930 என்ற அரசு எண்ணை அழையுங்கள்; வங்கிக்கும் சொல்லுங்கள்.

கணக்கையே யாரோ கைப்பற்றிவிட்டதாகத் தோன்றினால் முதலில் மின்னஞ்சலின் கடவுச்சொல்லை மாற்றுங்கள். பிறகு கடையினுடையதை மாற்றி, மற்ற கணிப்பொறிகள் எல்லாவற்றிலிருந்தும் வெளியேற்றுங்கள். எங்கள் அணிக்கு ஓட்டுப் போடு என்று நண்பன் பெயரில் வரும் சுட்டிதான் பெரும்பாலும் வாசல். பிறகு கடையின் உதவிப் பக்கத்தில் எழுதுங்கள். வாங்கிய தேதி, தொகை, யு.பி.ஐ.யின் 12 இலக்கக் குறிப்பு எண், பழைய ரசீதின் நகல் ஆகியவற்றை இணைத்தால் வேலை சீக்கிரம் நடக்கும்.

நண்பர் வீட்டில் மின்னஞ்சலை என்ன செய்வது என்று கொஞ்சம் விவாதம் நடந்தது. கணக்கைப் பையனின் முகவரிக்கு மாற்றிவிடலாம் என்றேன் நான். "காலேஜ் போகட்டும், அப்புறம் பார்க்கலாம்" என்றார் நண்பர். கடைசியில் கணக்குப் பெயரையும் மின்னஞ்சலையும் ஒரு நோட்டில் எழுதி, எல்.ஐ.சி. பத்திரங்கள் இருக்கும் பீரோவில் வைத்தார்கள்.

நான் கிளம்பும்போது பையன் 'வெண்பா'வை மறுபடி இறக்கி முடித்திருந்தான். அம்மா அடுக்களையிலிருந்து கரண்டியோடு வந்து எட்டிப் பார்த்து, "இட்லித் தட்டை யாராவது இப்படி அடுக்குவாளாடா, நகரு" என்று பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார்கள்.